ஆனந்தரங்கப் பிள்ளையும் தலைமைத் துபாஷ் பட்டமும்

ஓர் ஊரார் தம்முள் ஒருவரை முதல்வராக மதித்து, அவர்க்குக் குடையும் கோலும் கொடுத்துச் சிறப்பிக்கும் வழக்கம் எல்லா நாடுகளிலும் உண்டு. இங்கிலாந்து தேசத்து நகரங்களிலே மேயர் என்பார் பொற்சங்கிலி பூண்டு விழாநாட்களில் ஊர்வலம் வருவர். சில நகரங்களில் ஷெரீப் என்னும் பட்டம் பூண்டாரும் அவரோடு செல்வர். அவ்வழக்கத்தை ஆங்கிலேயர் நம் நாட்டிற்கும் கொண்டுவந்தனர். சென்னப்பட்டினத்திற்கு 1688இல் ஒரு மேயரும், 1726இல் ஒரு ஷெரீபும் ஏற்பட்டனர். ஷெரீப் பதவிக்கு முதலில் நீதிமன்றத்தைச் சார்ந்த அதிகாரங்கள் இருந்தன. அவை காலப்போக்கில் ஒவ்வொன்றாய்க் கழன்றுபோக, அது வெறுஞ் சிறப்புப் பட்டமாகவே நெடுநாள் நின்று, 1998இல் ஒழிந்தது. பிரெஞ்சுக்காரர் ஆண்ட புதுவையிலும் காரைக்காலிலும் 1880இல் நகரசபைகள் அமைந்து, மேர் என்னும் நகரத்தலைவர் பட்டம் வழங்கலாயிற்று.

ஆயினும், மேர் பட்டம் தோன்றுவதற்கு ஒன்றரை நூற்றாண்டிற்கு முன்னரே, பிரெஞ்சுக்காரரின் ஆட்சியில் தமிழர்க்கென ஒரு தலைமைப் பட்டம் இருந்தது. தலைமைத் துபாஷ் என்பது அதன் பெயர். அப்பட்டம் பூண்டவர் பலர். அவருள் இன்றளவும் உலகம் நினைக்கும் ஒருவர் ஆனந்தரங்கப் பிள்ளை. அவருடைய வாழ்க்கையை, அப்பட்டத்தின் கதையோடு சேர்த்து, இக்கட்டுரையிற் சுருங்கக் கூறப் புகுகின்றோம்.

யாம் பிறந்த ஊர் காரைக்கால். பிள்ளையவர்களோ பெரம்பூரிற் பிறந்து புதுவையில் வாழ்ந்தவர். எனினும், எம்மூர் பிரெஞ்சுக்காரர் கைப்பட்ட செய்தியும், அதற்குப்பின் நெல்லும் துணியும் கப்பலும் கடிதமும் அங்கிருந்து புதுவைக்குச் சென்று மீண்ட காலமும் அவர் நாட்குறிப்பின் காலமே. ஆதலின் அவர் கதை எம்மூரின் கதையுமாம். யாம் இதனை எழுத முற்பட்டமைக்கு வேறொரு காரணமும் உண்டு. யாம் கிறிஸ்தவர், அப்பட்டத்தின் வரலாற்றிலோ எம் சமயத்தின் பெயர் பன்முறை இழுபட்டிருக்கின்றது. அதனைக் கண்ணை மூடிக்கொண்டு கடந்து செல்லுதல் நேர்மையாகாது.

பட்டத்தின் தோற்றம்

துவிபாஷி என்னும் வடசொல் இருமொழி அறிந்தான் எனப் பொருள்படும். அச்சொல்லே மக்கள் வாயில் துபாஷ் எனத் திரிந்தது. பிரெஞ்சுக் கும்பினியார்க்கு நம் நாட்டு மொழி தெரியாது; நம் நெசவாளர்க்கும் வணிகர்க்கும் அவர் மொழி தெரியாது. இவ்விருவர்க்கும் இடையே நின்று, எத்தனை கட்டுத் துணி, எந்நாளில், என்ன விலைக்கு என்று பேசி முடித்து, முன்பணம் வாங்கிக் கொடுத்து, சரக்கைக் கப்பலுக்குச் சேர்ப்பிக்கும் பொறுப்பு தலைமைத் துபாஷுக்கு உரியது. அரசரும் நவாபும் எழுதும் ஓலைகளைப் படித்துரைப்பதும், குடிகளுக்குள் சாதி வழக்கும் சமய வழக்கும் மூண்டால் அவற்றைக் கவர்னர் துரையிடம் எடுத்துச் சொல்வதும் அவர் வேலையே. தமிழரை அக்கால ஐரோப்பியர் மலபார் என அழைத்தமையால், இவரை மலபார்களின் தலைவர் என்றும் கூறினர்.

இவ்வேலையோடு சிறப்புகளும் சேர்ந்து வந்தன. பல்லக்கிலேறி மேளதாளத்தோடு கவர்னர் மாளிகை வரை செல்லும் உரிமையும், பொற்பூண் இட்ட கைத்தடி பிடிக்கும் உரிமையும் ஆனந்தரங்கருக்கு வழங்கப்பட்டிருந்தன. இவ்வாறு வேலை ஒரு பாதியும் விருது ஒரு பாதியுமாக இருந்த இப்பட்டத்தின்மீது எல்லாருக்கும் கண் இருந்ததில் வியப்பில்லை.

அப்பட்டத்தை முதலில் ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தார் வகித்தனர். பின்னர், நைனியப்பப் பிள்ளை என்னும் இந்து வணிகர் அதனைப் பெற்றார். தலைமை கிறிஸ்தவர் ஒருவர்க்கே உரியதாதல் வேண்டுமென இயேசு சபைக் குருமார் வற்புறுத்தி வந்தனர். 1716இல், ஏபேர் என்னும் கவர்னர் காலத்தில், நைனியப்பர் குற்றஞ் சாட்டப்பட்டுச் சிறையில் இடப்பட்டார். அவருக்குக் கசையடி விதித்தனர், உடைமைகளைப் பறித்தனர். 1717இல் அவர் சிறையிலேயே உயிர் துறந்தார். அவர் மகன் குருவப்பப் பிள்ளை அத்துடன் அமையவில்லை. கடல் கடந்து பிரான்சு தேசம் சென்று, அரசப் பிரதிநிதியாயிருந்த ஓர்லேயான் பிரபுவிடம் முறையிட்டார். தந்தைமீது சுமத்திய தீர்ப்புத் தள்ளுபடியாயிற்று. குருவப்பர் அங்கேயே ஞானஸ்நானம் பெற்று, புனித மிக்கேலின் வீரர் என்னும் உயர்ந்த விருதும் பெற்று, தலைமைத் துபாஷாகத் திரும்பி வந்தார். ஆயினும் 1724இல் இளமையிலேயே காலமானார். அவர்க்குப்பின், முதலிற் கூறிய கிறிஸ்தவக் குடும்பத்தைச் சேர்ந்த கனகராய முதலியார் அப்பட்டத்தை அடைந்தார்.

தந்தையைக் கொன்ற பட்டம் மகனுக்கு மகுடமாயிற்று. இக்குடும்பத்தில் வளர்ந்த பிள்ளைதான் ஆனந்தரங்கர்.

இளமையும் வணிகமும்

ஆனந்தரங்கப் பிள்ளை 1709ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 30ஆம் நாள் சென்னையை அடுத்த பெரம்பூரில், யாதவர் குலத்தில், திருவேங்கடம் பிள்ளையின் மகனாகத் தோன்றினார். குழந்தைப் பருவத்திலேயே தாயை இழந்தார். தந்தையாரின் மைத்துனரே மேற்கூறிய நைனியப்பர். அவருடைய அழைப்பின்பேரில் திருவேங்கடம் பிள்ளை புதுவைக்கு வந்தார். நைனியப்பர் வீழ்ச்சியுற்றபோது சென்னைக்குத் திரும்பி, பின்னர்ப் பிரெஞ்சுக்காரர் வேண்டுகோளால் மறுபடியும் புதுவையை அடைந்தார். ஆதலால், பட்டம் என்பது என்ன கொடுக்கும், என்ன பறிக்கும் என்பதை ஆனந்தரங்கர் பால்ய வயதிலேயே வீட்டிற்குள் கண்டறிந்தவராவர்.

1726இல் தந்தையாரும் மறைந்தார். அப்போது ஆனந்தரங்கருக்கு வயது பதினேழு. அக்காலத்துக் கவர்னர் லெனுவார் அவர் திறமையை அறிந்து, பரங்கிப்பேட்டையில் கும்பினியார் வைத்திருந்த துணிச்சாலையின் பொறுப்பை அவரிடம் ஒப்படைத்தார். நெசவாளருக்கு முன்பணம் கொடுத்து, நீலச்சாயம் தோய்த்த துணிகளை வாங்கி அனுப்பும் தொழிலில் அவர் கைதேர்ந்தார். சிறிது சிறிதாகச் சொந்த வியாபாரமும் பெருகிற்று. ஆனந்தப்புரவி என்னும் பெயர் பூண்ட சொந்தக் கப்பலும் அவர்க்கு உண்டாயிற்று. தமிழோடு தெலுங்கும் அறிந்தவர். ஐரோப்பியர் பேச்சையும் பழக்கத்தால் உணர்ந்தவர்.

நாட்குறிப்பும் காரைக்காலும்

1736ஆம் ஆண்டு செப்டம்பர் 6ஆம் நாள், தம் இருபத்தேழாம் வயதில், பிள்ளையவர்கள் ஒரு கணக்குப் புத்தகத்தைத் திறந்து, அன்று கண்டதையும் கேட்டதையும் எழுதத் தொடங்கினார். அந்நாளில் அவர்க்குப் பட்டம் இல்லை, எழுதுமாறு பணித்தவரும் இல்லை, படிப்பாருமில்லை. கப்பல் வந்தது, துணி விலை ஏறிற்று, துரை சினந்தார், தெருவில் இன்ன வழக்கு நிகழ்ந்தது என வணிகர் வரவு செலவு எழுதுமாறே உலகத்தை எழுதினார். இருபத்தைந்து ஆண்டு அக்கை ஓயவில்லை எனலாம்.

அவர் எழுதத் தொடங்கிய மூன்றாம் ஆண்டில் எம்மூரின் தலையெழுத்து மாறிற்று. தஞ்சை மராட்டிய மன்னர் சாகுஜி, 1738இல் தம் அரியணைக்கு இடையூறு நேர்ந்தபோது, பிரெஞ்சுக்காரரின் உதவியை நாடிக் காரைக்காலை அவர்க்குத் தருவதாக வாக்களித்தார். நிலை சீர்ப்பட்டதும் தர மறுத்தார். அப்போது தஞ்சையின்மேற் பகை கொண்டிருந்த சந்தாசாகிபு தம் படையை அனுப்பி, 1739ஆம் ஆண்டு பிப்ரவரியில் காரைக்காலைப் பற்றிக் கவர்னர் தூமாவிடம் கொடுத்தார். அரசலாற்றின் முகத்துவாரமும் அதனைச் சூழ்ந்த நெல்வயல்களும் அன்று புதுவையின் களஞ்சியமாயின. அதன்பின் காரைக்காலின் சேதிகளெல்லாம் புதுவைக்கே சென்றன. அங்கே பிள்ளையவர்களின் செவிக்குத் தப்பிய சேதி அரிது.

இந்நாட்குறிப்பில் அரசர் சேதி மட்டுமன்றி ஏழைகளின் சேதியும் உண்டு. 1743இல், நம் நாட்டு ஆண்களையும் பெண்களையும் வஞ்சித்துப் பிடித்து மறைத்துவைத்து, கப்பலேற்றி அடிமைகளாக விற்கும் கொடுமை வெளிப்பட்டபோது, அதனையும் அவர் ஒளியாது வரைந்துவைத்தார். பெயரின்றி மறைந்த அவ்வேழைகட்கு இன்று சாட்சி சொல்ல, வணிகர் ஒருவரின் கணக்குப் புத்தகமே எஞ்சி நிற்கின்றது.

பட்டம் கைக்கு வந்த விதம்

1742இல் துய்ப்ளேக்சு கவர்னராக வந்தார். கனகராய முதலியார் அப்போதும் தலைமைத் துபாஷாக விளங்கினார். தம் ஒரே மகனை இழந்த அவர், அம்மகனின் நினைவாக உழவர்கரையில் புனித அந்திரேயா ஆலயத்தைக் கட்டி, 1745இல் எல்லாச் சாதியாரையும் அழைத்துப் பெருவிருந்து நடத்தினார். அவ்விருந்தில் யார் யார் எங்கெங்கு அமர்ந்தனர், எவ்வெவ்வாறு உண்டனர் என்பதெல்லாம் பிள்ளையவர்களின் நாட்குறிப்பில் விரிவாகக் காணக் கிடக்கின்றன.

1746ஆம் ஆண்டு பிப்ரவரியில் முதலியார் காலமானார். பட்டத்திற்குப் போட்டி மூண்டது. முதலியாரின் தம்பியும் பிறரும் அதனை நாடினர். துய்ப்ளேக்சின் மனைவியார் ழான் அம்மையார் புதுவையிலேயே பிறந்து வளர்ந்தவர். தமிழ் பேசவும் வல்லவர். அவர் ஆனந்தரங்கரை விரும்பவில்லை. குருமாரும் கிறிஸ்தவர் ஒருவரே வேண்டுமெனப் பழைய பல்லவியைப் பாடினர். கவர்னரோ, வேலை நடக்கவேண்டுமே என்னும் கவலையால், பட்டம் கொடாமலே பிள்ளையிடம் எல்லா வேலையையும் வாங்கிக்கொண்டிருந்தார். அவ்வாண்டு செப்டம்பரில் லபூர்தொனே என்னும் கடற்படைத் தலைவர் சென்னையைப் பிடித்தார். ஆர்க்காட்டு நவாபோடும் பகை மூண்டது. ஓலைகள் பறந்தன. இவற்றையெல்லாம் கற்றறிந்து கையாள வல்லார் ஆனந்தரங்கரையன்றிப் பிறரில்லை என்பது தெளிவாயிற்று. 1747இல் பட்டம் அவரை அடைந்தது.

வேலை முதலிலும் பட்டம் பின்னரும் வந்தது என்பதை நம் மாணவ நண்பர்கள் சிந்தித்தல் நலம். பட்டத்திற்காகக் காத்திருந்து, அது வந்தபின் வேலையைத் தொடங்குவோமென அவர் இருந்திருப்பாராயின், அது அவரைத் தேடி வந்திராது.

எம்மை வருத்திய பகுதி

பட்டம் பெற்ற மறு ஆண்டே அதன் கசப்பும் வெளிப்பட்டது. 1748இல் ஆங்கிலேயர் பாஸ்கவன் தலைமையில் புதுவையை முற்றுகையிட்டனர். குண்டுகள் நகருள் வீழ்ந்துகொண்டிருந்த அச்செப்டம்பர்த் திங்களில், இயேசு சபையாரின் ஆலயத்திற்கு அண்மையிலிருந்த வேதபுரீசுவரர் கோயில் கவர்னரின் ஆணையால் இடித்துத் தகர்க்கப்பட்டது. நெடுநாளாக அதனை அகற்ற வேண்டுமென முயன்றோர் போர்க்காலத்தைத் தக்க சமயமாகக் கொண்டனர். தமிழர்க்கெல்லாம் தலைவரெனப் பட்டம் பூண்ட பிள்ளையவர்கள் அதனைத் தடுக்க முடியாமல் நின்றார். அந்நாளின் துயரத்தை அவர் எழுதிவைத்த பகுதியைப் படிக்குங்கால், குடையும் கோலும் ஒருவர்க்கு எவ்வளவு வலிமை தரும், எவ்வளவு தராது என்பது விளங்கும்.

கிறிஸ்தவராகிய எமக்கு அப்பகுதியைப் படித்தல் எளிதாயிருக்கவில்லை. அது நம் சமயத்தார் செயலன்று, ஓர் அரசின் செயலே எனச் சொல்லித் தப்பலாம். ஆயின் மகிழ்ந்தவர்களுள் நம்மவரும் இருந்தனர் என்று பிள்ளையவர்கள் எழுதியிருக்கின்றாரே! நைனியப்பர் சிறையில் மாண்டதையும், இக்கோயில் வீழ்ந்ததையும் அருகருகே வைத்து நோக்கினால், பட்டத்தையும் அதிகாரத்தையும் கொண்டு சமயத்தை வளர்க்க முயன்றவர்கள் சமயத்திற்குச் சம்பாதித்தது வெறுப்பு ஒன்றையே என்பது புலனாம். விருந்தில் முதலிடத்தை நாடவேண்டாமென நம் ஆண்டவர் கற்பித்ததை, தலைமைப் பட்டம் நமக்கே என்று வாதாடினோர் மறந்தனர் போலும்.

இதற்கு எதிரான ஒரு காட்சியும் அக்காலத்திலேயே உண்டு. காரைக்காலுக்கு வடக்கே கூப்பிடு தூரத்திலுள்ள தரங்கம்பாடியில், சீகன்பால்கு ஐயர் தமிழ் கற்று, 1715க்குள் புதிய ஏற்பாட்டை அச்சிற் கொணர்ந்தார். வீரமாமுனிவர், ஆனந்தரங்கர் பட்டம் பெற்ற அதே 1747இல், தமிழ்த்தொண்டு நிறைந்து கண்மூடினார். இவ்விருவரும் எப்பட்டத்தையும் காட்டித் தமிழர் நெஞ்சில் இடம் பிடிக்கவில்லை. தமிழைக் கற்றே பிடித்தனர்.

ஏற்றமும் இறக்கமும்

1749இல் ஆம்பூர்ப் போரில் நவாபு அன்வருதீன் மாண்டார். சந்தாசாகிபும் முசபர்சங்கும் பிரெஞ்சுக்காரரின் துணையால் தலைதூக்கினர். அடுத்த ஆண்டு தஞ்சை மன்னர் பிரதாபசிங்கிடமிருந்து காரைக்காலைச் சார்ந்த 81 ஊர்கள் பிரெஞ்சுக்காரர் வசமாயின. 1750 டிசம்பரில் நாசர்சங்கு செஞ்சியருகே கொலையுண்ட பின், முசபர்சங்கு புதுவையில் பெருஞ்சிறப்போடு சுபேதாராகக் கொலுவீற்றிருந்தார். அவர் ஆனந்தரங்கருக்கு மூவாயிரம் குதிரைக்கு உரிய மன்சப் என்னும் பட்டத்தை வழங்கியதோடு, செங்கற்பட்டுச் சாகீரும் அவர்க்குக் கிடைத்தது. கும்பினியின் பட்டத்தோடு மொகலாயப் பட்டமும் சேர்ந்தது. புலவர்கள் சூழ்ந்தனர். தியாகராச தேசிகர் தமிழில் ஆனந்தரங்கக் கோவை பாடினார். சீனிவாச கவி 1752இல் வடமொழியில் ஆனந்தரங்க விசய சம்பு இயற்றினார்.

ஆயின் அக்கோபுரத்தின் அடித்தளம் மணலாயிருந்தது. முசபர்சங்கு 1751இலும், சந்தாசாகிபு 1752இலும் உயிரிழந்தனர். 1754இல் துய்ப்ளேக்சு பதவி இழந்து பிரான்சுக்கு மீண்டார். பிள்ளையவர்களின் உடல்நலமும் குன்றிற்று. பகைவர் பெருகினர். 1756இல், லெரீ கவர்னராயிருக்கையில், தலைமைத் துபாஷ் பட்டம் அவரிடமிருந்து எடுக்கப்பட்டது. அரசின் பொருட்டுக் கைவிட்டுக் கொடுத்த பொருள் பல திரும்பி வரவில்லை. அவர் கடனாளியாயினார்.

பட்டம் போயிற்று; நாட்குறிப்போ நிற்கவில்லை. இதுவே அவர் வாழ்வில் எம்மை மிகவும் கவர்ந்த செய்தி. 1758இல் லாலி என்னும் தளபதி வந்தார். அவர் தஞ்சைமேற் படையெடுக்கக் காரைக்கால் வழியே சென்று, நாகூரைச் சூறையாடி, பாரம் சுமக்க எல்லாச் சாதியாரையும் வலிந்து பிடித்து, தஞ்சைக் கோட்டையை வெல்ல இயலாமல் காரைக்காலுக்கே திரும்பினார். 1760 ஏப்ரலில் காரைக்கால் ஆங்கிலேயர் வசமாயிற்று. பின்னர்ப் புதுவையும் முற்றுகைக்குட்பட்டது. உணவின்றி மக்கள் வாடினர். நோயாற் படுத்திருந்த பிள்ளையவர்கள் அவற்றையும் எழுதினார், இயலாதபோது பிறரைக்கொண்டு எழுதுவித்தார். புதுவை வீழ்ந்த அதே 1761 சனவரித் திங்களில் அவரும் உலக வாழ்வை நீத்தார். அப்போது அவர்க்கு வயது ஐம்பத்தொன்று. வென்றவர்கள் கோட்டையையும் வெள்ளையர் நகரையும் இடித்துத் தரைமட்டமாக்கினர். அவருக்குப்பின் அவர் தம்பியின் மகனார் நாட்குறிப்பைத் தொடர்ந்து எழுதினார்.

எஞ்சியது யாது?

பட்டம் கொடுத்தவர்களின் முடிவையும் நோக்குவோம். சென்னையை வென்ற லபூர்தொனே தம் தேசத்திலேயே பாஸ்தீல் சிறையில் அடைபட்டு, விடுதலை பெற்றுச் சில ஆண்டுகளில், 1753இல் இறந்தார். துய்ப்ளேக்சு தாம் செலவிட்ட பொருளைக் கேட்டு வழக்காடி, 1763இல் பாரிசு நகரில் வறியவராய் மாண்டார். லாலியை 1766இல் அந்நாட்டாரே தலை துணித்தனர். காரைக்கால் 1763ஆம் ஆண்டு உடன்படிக்கையால் பிரெஞ்சுக்காரர்க்கு மீண்டு, பின்னரும் பலமுறை கை மாறி, 1954 நவம்பர் 1ஆம் நாள் இந்தியாவோடு சேர்ந்தது. 1962இல் சட்டப்படியும் இணைந்தது. தலைமைத் துபாஷ் என்னும் பட்டம், அதனைத் தந்த கும்பினியோடு வரலாற்று ஏட்டிற் புகுந்து மறைந்தது.

ஆனால் அக்கணக்குப் புத்தகங்கள் மறையவில்லை. 1846இல் கல்வா மொம்பிரோன் என்பார் அவற்றைக் கண்டெடுத்துப் படியெடுத்தார். சென்னை அரசாங்கத்தார் 1904 முதல் 1928 வரை பன்னிரண்டு தொகுதிகளாக ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து வெளியிட்டனர். தமிழ் மூலமும் 1948 முதல் புதுவையில் அச்சேறத் தொடங்கிற்று. அக்காலத்துத் தென்னாட்டு வரலாற்றை எழுதப் புகுவார் எவரும் பிள்ளையவர்களின் வாயிலைத் தட்டாமல் உள்ளே செல்ல இயலாது. தமிழ் மாணாக்கராகிய நமக்கோ அது வேறொரு வகையிலும் அரும்பொருள். செய்யுளே எழுத்தெனக் கருதப்பட்ட காலத்தில், சந்தையிலும் சாவடியிலும் மக்கள் பேசிய தமிழை, பாரசீகச் சொல்லும் போர்த்துக்கேசியச் சொல்லும் கலந்தபடியே, ஒருவர் உரைநடையாக எழுதிவைத்தார். இலக்கண நூலார் அதிற் குற்றங் காணலாம்; உயிரில்லை எனக் கூறார்.

பிள்ளையவர்களைக் குறையற்றவர் எனக் காட்டுவது எம் நோக்கமன்று. அவர் புகழ்ச்சியை விரும்பினார். துய்ப்ளேக்சை அளவுக்கு மிஞ்சிப் போற்றினார். சோதிடத்தை நம்பிக் காரியங்களைத் தள்ளிவைத்தார். சாதிப் பெருமையும் அவரிடம் இருந்தது. தம் போட்டியாளராகிய கிறிஸ்தவரைப் பற்றி எழுதுங்கால் அவர் எழுதுகோல் கூர்மையாகிவிடும். ஆயினும் தமக்கு இழிவு நேர்ந்த நாளையும் அவர் மறைக்கவில்லை. தம் பட்டத்தின் பெருமைக்குக் குறைவென்று கருதி எந்நாளையும் கிழித்தெறியவில்லை. இவ்வுண்மையே அவருடைய குறைகளை நமக்குக் காட்டிக்கொடுக்கின்றது. அவற்றைப் பொறுக்கவும் செய்கின்றது.

நண்பர்காள்! நம் கல்லூரியிலும் மன்றங்கள் பல உள; அவற்றிற்குத் தலைவரும் செயலாளரும் ஆண்டுதோறும் தேர்ந்தெடுக்கப்படுகின்றனர். அப்போது, இவர் வேலை அறிந்தவரா என்று கேட்பதற்கு முன், இவர் எவ்வூரார், எச்சமயத்தார் என்று கேட்கும் வழக்கம் நம்மிடமும் இல்லாமலில்லை. நைனியப்பர் காலத்துப் புதுவையிற் கேட்ட கேள்வியே அது. அதற்கு அவ்வூர் கொடுத்த விலையை மேலே கண்டோம். பட்டம் நம்மவர்க்கே உரியதென வாதாடுவதினும், யாரிடம் சென்றாலும் அது நன்கு நடைபெறத் துணைநிற்பதே கிறிஸ்தவர்க்கு அழகென்பது எம் துணிபு.

புதுவைக்குச் செல்வோர் ரங்கப்பிள்ளை வீதியில் அவருடைய பழைய இல்லத்தைக் காணலாம். யாம் அங்குச் சென்று நின்றபோது, பல்லக்கையும் பொற்பூண் தடியையும் எண்ணிப் பார்த்தோம். அவை நினைவில் நிற்கவில்லை. இரவில் விளக்கை ஏற்றி, கணக்குப் புத்தகத்தைத் திறந்து, அன்றைய நாளை உள்ளவாறு எழுதிவிட்டுப் படுக்கைக்குச் செல்லும் ஒருவரின் உருவமே மனத்தில் நின்றது. ஊருக்குத் திரும்பியதும் யாமும் ஒரு புத்தகத்தை வாங்கி, அன்று கண்டதை எழுதத் தொடங்கினோம். காரைக்காலில் அன்று நல்ல மழை என்பதே அதன் முதல் வரி.